மோர்க்கம் - வைஸ் காமெடி ஜோடி முதல் டிவி தொடரிலேயே மண்ணைக் கவ்வினார்களாமே, அப்புறம் எப்படி மேலே வந்தார்கள்?

ஆமாம், நன்றாகவே கவ்வினார்கள். எரிக் மோர்க்கமும் எர்னி வைஸும் சிறுவயதிலிருந்தே பிரிட்டன் மேடைகளில் ஊறியவர்கள், ஆனால் 1954-ல் பிபிசி கொடுத்த தொடர் படுத்துவிட்டது. டிவி பெட்டி என்றால் மோர்க்கமையும் வைஸையும் புதைத்த பெட்டி என்று ஒரு பத்திரிகை விமர்சனம் எழுதியது, அதாவது சவப்பெட்டி! அந்தத் துண்டுக் காகிதத்தை எரிக் கடைசிவரை பர்ஸிலேயே வைத்திருந்தார்.

மேடையில் ஒரே ஐட்டத்தை ஊர் ஊராக வருஷக்கணக்கில் ஓட்டலாம், டிவியில் ஒருமுறை காட்டினால் தீர்ந்தது. அதனால் ஆள் மாறாத, சரக்கு மட்டும் மாறுகிற எழுத்து தேவைப்பட்டது. 1961-ல் ஏடிவி என்ற தனியார் டிவி நிறுவனத்தின் தொடரில் அது ஓரளவு அமைந்தது, 1968-ல் பிபிசிக்குத் திரும்பினார்கள், அந்த வருஷமே எரிக்குக்கு மாரடைப்பு, பழைய எழுத்தாளர்களும் விலகிவிட்டார்கள்.

அப்போது வந்த எழுத்தாளர்தான் எடி பிரேபன். என்னைக் கேட்டால் பாதிப் பெருமை அவருக்குத்தான். நிகழ்ச்சியில் இருவரையும் ஒரே ஃபிளாட்டில், ஒரே கட்டிலில் படுக்க வைத்தார். எர்னி தன்னைப் பெரிய நாடகாசிரியர் என்று நினைத்துக்கொண்டு எழுதித் தள்ள, எரிக் பக்கத்திலிருந்து வாருவார். 1971 கிறிஸ்துமஸ் நிகழ்ச்சியில் நிஜ இசை நடத்துநர் ஆந்த்ரே ப்ரெவின் முன்னால் எரிக் பியானோவைக் கண்டபடி தட்டுவார், அவர் குறை சொன்னதும் சட்டையைப் பிடித்து, ஸ்வரமெல்லாம் சரியானதுதான், வரிசைதான் கொஞ்சம் முன்னே பின்னே என்பார்.