பிரசவத்தை டாக்குமெண்டரியா எடுக்கும்போது கேமராவை எங்க வெக்கணும்?

தங்கச்சி பிரசவத்தை டாக்குமெண்டரியா எடுக்கப் போறேன், லேபர் ரூம்ல எதைக் கவனிக்கணும்னு கேட்டிருக்கீங்க. நான் கோத்தகிரி, என் சித்தி பொண்ணை அஞ்சாம் மாசத்துலருந்து குழந்தைக்கு மூணு மாசம் ஆகுறவரைக்கும் எடுத்தேன்.

டெக்னிக்கல் விஷயம் கொஞ்சம்தான். நம்ம கரண்ட் 50 ஹெர்ட்ஸ், அதனால செகண்டுக்கு 25 ஃபிரேம்ல, ஷட்டர் ஸ்பீடு 1/50 செகண்டு வெச்சா டியூப்லைட் மினுக்காது, தனி லைட் எதுவும் கொண்டுபோகாதீங்க. பெரிய டாக்டர்கிட்ட எழுத்துல பர்மிஷன் வாங்கிடுங்க. தங்கச்சிகிட்ட ஒரு தடவை கேட்டா பத்தாது, வலி வந்தப்புறமும் கேளுங்க, அவ வேண்டாம்னா அதோட நிறுத்திடணும்.

எங்களுக்கு டிசம்பர்ல வலி வந்துச்சு, ராத்திரி ரெண்டு மணி, வெளிய பனி கொட்டுது. பிறக்கிற குழந்தைக்குக் குளிரக் கூடாதுன்னு லேபர் ரூம் 25 டிகிரிக்குக் குறையாம இருக்கணும்ங்கிறதால உள்ள ஹீட்டர் ஓடுது, நான் ஜில்லுனு இருந்த கேமராவோட நுழைஞ்சதும் லென்ஸ் மொத்தமும் ஆவி படிஞ்சிடுச்சு. துடைக்கத் துடைக்க மறுபடி படியுது. (முன்னாடியே பையோட உள்ள வெச்சுப் பழக்கியிருக்கணும்.) அதுக்குள்ள அவ "அக்கா கேமராவ விடுக்கா"ன்னு என் மணிக்கட்டைப் புடிச்சிட்டா, துணைக்கு ஒரு ஆளைத்தான் விடுவாங்க, அந்த ஆளு நான்தான், கேமராவைக் கீழ வெச்சுட்டு அவ இடுப்பை நீவி விட்டேன். அவ சம்மதத்தோட பாக்கெட்ல ரெக்கார்டர் மட்டும் ஓடுச்சு. படத்துல இப்ப அந்த இடம் வெறும் சத்தம்தான், நர்ஸம்மா "மூச்ச விடும்மா, இன்னும் கொஞ்சம்"னு சொல்றது, அப்புறம் அழுகை.

அதே நேரம் வெளிய பெஞ்சுல மாப்பிள்ளை கம்பளிய இழுத்துப் போர்த்திட்டு, ஃபிளாஸ்க் மூடியில ஊத்துன டீயைக் குடிக்காமலே புடிச்சிட்டு உக்காந்திருக்கறதை என் ஃபிரெண்ட் எடுத்தா. உள்ள அழுகை கேட்டதும் அந்த டீ கையெல்லாம் கொட்டுது, அவருக்குத் தெரியவே இல்ல. ஒருத்தர் அப்பாவாகுறது என் படத்துல அங்கதான் இருக்கு. அமெரிக்க இயக்குநர் ஸ்டான் பிராக்கேஜ் 1959ல வந்த தன் படத்துக்காக மனைவி ஜேனோட பிரசவத்தை எடுத்தப்ப, ஜேனே கேமராவை வாங்கி அவர் முகத்தை எடுத்தாங்க, அது ஏன்னு எனக்கு அன்னைக்குத்தான் புரிஞ்சுது. அதனால வெளிய ஒரு கேமரா கட்டாயம் வெச்சுக்கங்க.

எடிட் முடிஞ்சதும் முதல்ல அவளுக்குத்தான் போட்டுக் காட்டினேன், மடியில பாப்பா. பால் கொடுக்கிற ஷாட் ஒண்ணு வேண்டாம்னா, நல்ல ஷாட்டுதான், ஹார்டு டிஸ்க்லருந்தே அழிச்சிட்டேன். டீ கொட்டுற இடத்தை மட்டும் நாலு தடவை போடச் சொல்லிப் பார்த்தா.