கல்பாக்கத்தில் விபத்து நடந்தால் சென்னை என்ன செய்ய வேண்டும்? கேள்வி பதில்

வேளச்சேரி வாசகர்: சார், கல்பாக்கம் அணுமின் நிலையத்தில் ஏதாவது நடந்தால் சென்னையையே காலி செய்ய வேண்டி வருமா?

பெரும்பாலும் வராது. தூரம் சுமார் 70 கிலோமீட்டர். நம் விதிகளில் அவசரகாலத் திட்டப் பகுதி, அதாவது விபத்துக்கு முன்கூட்டியே திட்டம் போட்டு வைக்கும் பகுதி, உலையைச் சுற்றி 16 கிலோமீட்டர். 2011-இல் ஜப்பானின் ஃபுகுஷிமா அணுமின் நிலைய விபத்தில் 20 கிலோமீட்டர் வட்டத்தைக் காலி செய்தார்கள். வடமேற்கில் மட்டும், காற்றும் மழையும் கொண்டுபோய்ச் சேர்த்த இடங்களில், அதைத் தாண்டியும் போக வேண்டியிருந்தது. ஆக, வட்டத்தை மட்டும் நம்பாமல் காற்றின் திசையையும் பார்க்க வேண்டும். அங்கே அவசர அவசரமாக ஏற்றிச் செல்லப்பட்ட ஆஸ்பத்திரி நோயாளிகள் பலர் அந்த அலைச்சலிலேயே இறந்துபோனார்கள். எல்லோரும் ஒரே நேரத்தில் ஜி.எஸ்.டி. சாலையில் இறங்கினால் என்ன ஆகும்? செங்கல்பட்டு டோல்கேட்டில் பொங்கல் கூட்டத்தைப் பார்த்தவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. ஜன்னலைச் சாத்திவிட்டு வீட்டுக்குள் இருப்பதுதான் முதல் வேலை.

தாம்பரம் வாசகி: 2004 சுனாமி அங்கேயும் வந்ததே, எப்படித் தப்பியது?

கடல்நீர் பம்ப் ஹவுஸில் தண்ணீர் புகுந்தது. ஓடிக்கொண்டிருந்த இரண்டாம் உலை பத்திரமாக நிறுத்தப்பட்டது. ஃபுகுஷிமாவிலோ சுனாமி வந்தபோது, அவசரத்துக்கான டீசல் ஜெனரேட்டர்கள் பெரும்பாலும் அடித்தளத்தில் இருந்ததால் மூழ்கின. மின்சாரமே இல்லாமல் போனது. உலையை நிறுத்திய பிறகும் எரிபொருள் சூட்டைக் கக்கிக்கொண்டே இருக்கும். அதைத் தணிக்க வழியில்லாததுதான் அங்கே வினையாயிற்று. கல்பாக்கத்தில் உயிர்கள் போனது உலையால் அல்ல, குடியிருப்பில் புகுந்த அலையால்.

அடையாறு வாசகர்: அயோடின் மாத்திரை வாங்கி வைக்கலாமா?

வேண்டாம். தைராய்டை மட்டும், அதுவும் கதிரியக்க அயோடினிடமிருந்து மட்டும்தான் அது காக்கும். சொல்லும் நேரத்தில் சாப்பிட்டால்தான் பலன். விபத்தில் வெளிவரும் இன்னொரு கதிரியக்கப் பொருளான சீசியத்துக்கு அது எதுவும் செய்யாது. செர்னோபில் அணு உலை விபத்தில் குழந்தைகளின் தைராய்டைக் கெடுத்தது பெரும்பாலும் பால்தான்: புல்லில் படிந்த அயோடின், மாடு வழியாக டம்ளருக்கு வந்தது. இந்தக் கதிரியக்க அயோடின் (அயோடின்-131) எட்டு நாளில் பாதியாகக் குறையும். அதனால் சில வாரங்களுக்கு அந்தப் பக்கத்துப் பாலையும் கீரையையும் தடுத்தாலே பெரிய பாதுகாப்பு. சென்னைக்கு நான் அதிகம் கவலைப்படுவது இதைப் பற்றித்தான்.

புதுப்பட்டினம் வாசகர்: நாங்கள் பக்கத்திலேயே இருக்கிறோம். எங்களுக்கு யார் சொல்வார்கள்?

வளாகத்துக்கு வெளியே பொறுப்பு மாவட்ட ஆட்சியருடையது. ஒத்திகை நடந்தால் வேடிக்கை பார்க்காமல் கலந்துகொள்ளுங்கள். எங்கே கூட வேண்டும், எந்தப் பஸ்ஸில் ஏற வேண்டும், நடக்க முடியாத பாட்டியை யார் தூக்கி வருவார்கள் என்பதைக் கேட்டு வாங்குங்கள். பதில் கிடைக்காவிட்டால் கிராம சபையில் எழுப்புங்கள்.