வாசகர் கேள்வி பதில்: பொலேரோ தாண்டியும் நிறைய இருக்கு

கேள்வி: ராவெல்னாலே எல்லாரும் பொலேரோ ஒண்ணைத்தான் சொல்றாங்க. ஒரே டியூனைத் திருப்பித் திருப்பி வாசிக்கிறதுல அப்படி என்ன இருக்கு? அவர் வேற எதுவும் எழுதலையா?
வாசகர், ஈரோடு

பதில்: நிறைய எழுதியிருக்காருங்க, இந்த பிரெஞ்சு கம்போஸர். முதல்ல பொலேரோவைப் பார்த்துடுவோம். 1928ல ஈடா ரூபின்ஸ்டைன்னு ஒரு டான்ஸர் கேட்டதுக்காக எழுதின பாலே மியூசிக் அது, ரெண்டே மெட்டு, கிட்டத்தட்ட கால் மணி நேரம், ஒரு சின்ன டிரம் ஆரம்பத்துல புடிச்ச தாளத்தைக் கடைசி வரைக்கும் விடாது. மெட்டு அப்படியேதான் இருக்கும், வாசிக்கிற கருவிதான் மாறிட்டே போகும், புல்லாங்குழல், கிளாரினெட், சாக்ஸபோன்னு ஒவ்வொண்ணா வந்து சேர்ந்து, எங்கேயோ தூரத்துல கிளம்பின ஊர்வலம் நம்ம தெருவுக்குள்ளயே வந்துட்ட மாதிரி ஆயிடும். அதனால அடுத்த தடவை கேக்கும்போது மெட்டை விட்டுட்டு, இப்ப யாரு வாசிக்கிறாங்கன்னு மட்டும் கவனிச்சுப் பாருங்க. முடியுறதுக்குக் கொஞ்சம் முன்னாடி ஸ்ருதி சட்டுனு வேற இடத்துக்குத் தாவும், அதுவரைக்கும் ஒரே இடத்துல நின்னதெல்லாம் அந்த ஒரு தாவலுக்குத்தான்னு எனக்குத் தோணும்.

ஆனா ராவெல்னா எனக்கு முதல்ல ஞாபகம் வர்றது இடது கைக்கு மட்டும் எழுதின பியானோ கான்செர்டோதான், அதாவது பியானோவும் ஆர்கெஸ்ட்ராவும் சேர்ந்து வாசிக்கிற இசை. பால் விட்கன்ஸ்டைன்னு வியன்னா பியானிஸ்ட், முதல் உலகப் போர்ல வலது கை போயிடுச்சு, அவர் வாசிக்கிறதை விடல, ஒத்தைக் கைக்கு எழுதிக் குடுங்கன்னு பெரிய பெரிய ஆளுங்களைக் கேட்டுட்டே இருந்தாரு. ராவெலும் அதே போர்ல எதிர்ப்பக்கம் பிரெஞ்சு ராணுவத்துல லாரி ஓட்டினவரு, 1916ல வெர்டன் போர்க்களம் பக்கம் எல்லாம் போயிருக்காரு. போர்ல செத்துப்போன நண்பர்களுக்கு ஒவ்வொரு பகுதியா சமர்ப்பணம் பண்ணி கூப்பெரான்ங்கிற பழைய பிரெஞ்சு கம்போஸர் பேர்ல ஒரு பியானோ தொகுப்பே எழுதியிருக்காரு. அப்படிப்பட்டவரு எதிரி நாட்டு ஆளுக்காக எழுதினாரு பாருங்க, அது சாதாரண விஷயம் இல்ல. ஆரம்பமே கான்ட்ரா பஸூன்ங்கிற கனத்த குரல் ஊதுகருவி அடிவயித்துல இருந்து எழும்பி வரும், அப்புறம் பியானோ நுழையும், கண்ணை மூடிக்கிட்டு கேட்டா ஒத்தைக் கைன்னு யாரும் சொல்ல மாட்டாங்க. விட்கன்ஸ்டைன் தன் இஷ்டத்துக்கு சில இடத்தை மாத்தி வாசிச்சாரு, ராவெலுக்கு பயங்கர கோவம். என் கட்சி ராவெல்தான், எழுதினதை எழுதின மாதிரி வாசிக்கணும்.

கடைசி வருஷங்கள் ரொம்ப வேதனை. மூளைல ஏதோ நோய், பாட்டு தலைக்குள்ள இருக்கு, பேப்பர்ல எழுத வரல, கையெழுத்துப் போடவே கஷ்டப்பட்டாரு. 1937 டிசம்பர்ல மூளை ஆபரேஷன் பண்ணி, சில நாள்லயே, 28ஆம் தேதி இறந்துட்டாரு.

கேள்வி: லுல்லி கம்பு குத்தி செத்தார்னு சொல்றாங்களே, நெஜமா?
வாசகர், நாகர்கோவில்

பதில்: நெஜந்தான். லுல்லி 14ஆம் லூயி ராஜாவோட அரண்மனை கம்போஸர். ராஜா ஆபரேஷன் பண்ணி பிழைச்சதுக்காக 1687 ஜனவரில பாரிஸ்ல அவரோட தெ டேயும்ங்கிற நன்றிப் பாட்டு நடந்துச்சு, அப்பல்லாம் கனமான கோலைத் தரைல தட்டித்தான் தாளம் காட்டுவாங்க, அது கால்ல பட்டு, புண்ணு அழுகி, காலை எடுக்கணும்னதுக்கு ஒத்துக்கல, மார்ச் 22ல போயிட்டாரு. இன்னொண்ணு, பிரெஞ்சு ஓப்பராவுக்கே அஸ்திவாரம் போட்டவரா இருந்தாலும் பொறந்தது இத்தாலில, ஃப்ளாரன்ஸ்ல.

கேள்வி: பிரெஞ்சு கம்போஸர் லிஸ்ட் எடுத்தா எல்லாமே ஆம்பளைங்க பேரா இருக்கு. பெண்கள் யாருமே இல்லையா சார்?
வாசகி, தஞ்சாவூர்

பதில்: இருக்காங்கம்மா, லிஸ்ட் போடுறவங்க விட்டுடறாங்க. லிலி பூலாஞ்சேன்னு தேடிப் பாருங்க. 1893ல பொறந்தவங்க, ரெண்டு வயசுல வந்த நிமோனியாவுல இருந்து உடம்பு கடைசி வரைக்கும் தேறவே இல்ல. அந்தக் காலத்துல பிரெஞ்சு அரசாங்கத்தோட ரோம் பரிசுன்னு ஒண்ணு, இளம் கம்போஸருக்கு அதைவிடப் பெரிய மரியாதை கிடையாது. ராவெலே அஞ்சு தடவை முயற்சி பண்ணி முதல் பரிசு கிடைக்கல, 1905ல ஆரம்ப சுற்றுலயே வெளியே தள்ளிட்டாங்க, கடைசி சுற்றுக்குப் போனவங்க எல்லாரும் நடுவர் குழுவுல இருந்த ஒரே வாத்தியாரோட மாணவர்கள்னு தெரிஞ்சு பத்திரிகைல பெரிய ரகளை ஆகி, பாரிஸ் கன்செர்வத்வார்ங்கிற இசைக் கல்லூரியோட தலைவர் பதவியை விட்டே போக வேண்டியதாச்சு. அப்படிப்பட்ட போட்டில 1912ல உடம்பு முடியாம பாதில விட்டுட்டு, அடுத்த வருஷமே திரும்பி வந்து, 19 வயசுல முதல் பரிசு வாங்கினாங்க லிலி. இசைக்காக அதை வாங்கின முதல் பெண்.

அப்புறம் அஞ்சு வருஷம் கூட இல்ல. போர் நடக்குற நேரத்துல பழைய பௌத்த பிரார்த்தனை ஒண்ணுக்கு இசை எழுதினாங்க, மூச்சு விடுற எல்லா உயிரும் பகையில்லாம, துன்பம் கடந்து நல்லா இருக்கணும்னு வர்ற பிரார்த்தனை. கடைசியா எழுதின பியே ஜேசுங்கிற லத்தீன் பிரார்த்தனைப் பாட்டைப் படுக்கைல இருந்தபடி சொல்லச் சொல்ல அக்கா நாதியா எழுதிக்கிட்டாங்க. 1918 மார்ச் 15ல லிலி போனாங்க, வயசு 24தான். பத்து நாள் கழிச்சு இன்னொரு பெரிய பிரெஞ்சு கம்போஸர் டெபுஸ்ஸியும் போயிட்டாரு, பாரிஸ் மேல ஜெர்மன் குண்டு விழுந்துட்டு இருந்த நேரம், ஒரே மாசத்துல பிரான்ஸுக்கு ரெண்டு இழப்பு.

அக்கா நாதியா தங்கச்சி போனப்புறம் கொஞ்ச வருஷத்துல எழுதுறதையே நிறுத்திட்டு பாடம் சொல்லிக்குடுக்கறதுலயே முழுசா இறங்கிட்டாங்க. ஆரன் கோப்லேண்ட், பியாஸ்ஸோல்லா, ஃபிலிப் கிளாஸ், குயின்ஸி ஜோன்ஸ் எல்லாம் அவங்ககிட்ட படிச்சவங்கதான்.

கேள்வி: இவங்களுக்கும் நம்ம சங்கீதத்துக்கும் ஏதாவது தொடர்பு உண்டா?
வாசகி, கோவை

பதில்: உங்க ஊர் பேரே அதுல இருக்குங்க! ராவெலோட சிஷ்யர் மொரீஸ் டெலாஜ், 1912 வாக்குல இந்தியா வந்து சுத்தினவரு, கோயம்புத்தூர் தாயிங்கிற பாடகியோட கிராமபோன் ரெக்கார்டுல சொக்கிப் போயிட்டாரு. அதுல ஒண்ணை வெச்சுத்தான் ராகமாலிகான்னு ஒரு பாட்டு எழுதினாரு, தலைப்போட 'தமிழ்ப் பாட்டு'ன்னு பிரெஞ்சுல போட்டு வெச்சாரு. நம்ம தாள வாத்திய சத்தம் வரணும்னு பியானோ உள்ள ஒரு கம்பிக்கு அடில அட்டையை வெக்கச் சொல்லியிருக்காரு. அவரோட இந்தியப் பாடல்கள் நாலும் மெட்ராஸ், லாகூர், பனாரஸ், ஜெய்ப்பூர்னு ஊர் பேர்லயே இருக்கு. லாகூரைக் கட்டாயம் கேளுங்க, அதுல செல்லோ வழுக்கி வழுக்கிப் போறது கமகத்தைக் காதால கேட்டவரு மட்டும்தான் எழுத முடியும்.

இன்னொருத்தர் பிரெஞ்சு கம்போஸர் மெஸ்ஸியான். இவரு நம்ம தாளத்தைப் புத்தகத்துல புடிச்சவரு, சார்ங்கதேவர் சங்கீத ரத்னாகரத்துல குடுத்த 120 தேசி தாளங்களோட பட்டியலை. அதனால கைல தாளம் போட்டுக்கிட்டு கேட்டா ஒண்ணும் புடிபடாது, ஆவர்த்தனம்னு எதுவும் வராது, அந்தக் கால அளவுகளை மட்டும் எடுத்துக்கிட்டாரு. ஜெர்மன் கைதி முகாம்ல எழுதி 1941 ஜனவரி 15ல, கடுங்குளிர்ல, கைதிங்க முன்னாடி வாசிச்ச காலத்தின் முடிவுக்கான நால்வர் இசைலயே அந்தத் தாளங்கள் இருக்கு.

கேள்வி: எதுல ஆரம்பிக்கலாம்? வீட்ல சின்னப் பசங்க இருக்காங்க.
வாசகர், திருச்சி

பதில்: ராவெலோட தாய் வாத்து (மதர் கூஸ்), நண்பரோட ரெண்டு குழந்தைங்களுக்காகவே எழுதினது, முதல்ல பியானோ, அப்புறம் ஆர்கெஸ்ட்ரா. கடைசிப் பகுதியை பசங்களோட உக்காந்து கேளுங்க. அது புடிச்சுப் போச்சுன்னா டெபுஸ்ஸியோட ஃபான் (ஆட்டுக்கால் வனதேவதை) முன்னிசைக்குப் போங்க, பத்து நிமிஷம்தான், தனிப் புல்லாங்குழல்ல தொடங்கும். லிலியை மட்டும் பசங்க தூங்கினப்புறம் போடுங்க.