வெர்சோவா ஜன்னல் – வாசகர் கடிதம்

அன்புள்ள ஐயா,

எங்களுக்குச் சொந்த ஊர் தூத்துக்குடி. கணவர் ஓய்வு பெற்றபின் மும்பை வெர்சோவாவில் நாங்கள் இருவர் மட்டும். மாலையில் கடற்கரையில் ஒரு நடை. உப்புக்காற்றில் ஃபேன் துருப்பிடிக்கிறது என்று அவர் ஜன்னலைச் சாத்துவார், நான் திறப்பேன். நேற்றைப் போலவே இன்றும். எழுத ஆசை இருக்கிறது, ஆனால் இதில் எழுத என்ன இருக்கிறது?

ஒரு வாசகி, மும்பை

அன்புள்ள அம்மா,

அந்த ஜன்னலைப் பற்றியே எழுதுங்கள். ஒருவர் சாத்த, இன்னொருவர் திறக்க, இரண்டு பேருக்கும் சலிக்கவில்லை என்றால் சொல்ல நிறைய இருக்கிறது. அவர் ஃபேனுக்காக மட்டும்தான் சாத்துகிறாரா?

'நேற்றைப் போலவே' என்பதை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை. கடல் ஏறும் நேரம் தினமும் சுமார் 50 நிமிடம் தள்ளிப்போகிறது. இன்று ஆறு மணிக்கு நீங்கள் நடந்த ஈர மணலில், அடுத்த வாரம் அதே ஆறு மணிக்குத் தண்ணீர் நிற்கும். தூத்துக்குடியில் ஏற்றத்துக்கும் இறக்கத்துக்கும் ஒரு மீட்டர்கூட வித்தியாசம் இராது, அதனால் கண்ணில் படாது. மும்பையில் அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி சுமார் 4 மீட்டர் வரும். அப்படியென்றால் எப்போது கிளம்புவது, எந்தப் பக்கம் நடப்பது என்று உங்களுக்குள் ஒரு பேச்சு நடந்தே தீரும். வாய்விட்டுப் பேசுகிறீர்களா, அவர் செருப்பைத் தேடுவதைப் பார்த்து நீங்கள் எழுந்துகொள்கிறீர்களா? எனக்கு அதைப் படிக்க வேண்டும்.

சூரியன் மறைவதை விட்டுவிடுங்கள், அதை எல்லோரும் எழுதியாயிற்று. பக்கத்து மீனவர் குடியிருப்பான கோளிவாடாவைப் பாருங்கள். ஜூன், ஜூலையில் மீன்பிடித் தடை, படகுகள் கரையில் கிடக்கும். நாரளி பௌர்ணமிக்குக் கடலுக்குத் தேங்காய் கொடுப்பார்கள். மழை ஓய்ந்தபின் பொம்பில் மீனை வாயோடு வாய் கோத்துக் கயிற்றில் காயப்போடுவார்கள். அந்த வாடை உள்ளே வரும்போது உங்கள் வீட்டில் என்ன பேச்சு? ஊர்க் கருவாட்டு நினைப்பில் அன்றைக்கு மட்டும் அவரே ஜன்னலைத் திறந்து வைக்கிறாரோ என்னவோ!

சரி, ஒரு பக்கம் எழுதி முதலில் அவரிடம் கொடுங்கள். "இப்படி நடக்கவே இல்லையே" என்று அவர் சொல்கிற இடத்தை அடித்துவிடாதீர்கள். அவர் சொல்வதையும் பக்கத்திலேயே எழுதுங்கள். அப்புறம் எனக்கு அனுப்புங்கள்.

அன்புடன்