கத்திரி படும் முன்னே

தீபாவளி நெருங்குவதை நான் காலண்டர் பார்த்துத் தெரிந்துகொள்வதில்லை. "அக்கா, டெய்லர் கெடுத்துட்டார்" என்று தொடங்கும் கடிதங்கள் வந்தாலே தெரிந்துவிடும். இந்த முறை வந்ததில் பாதிக்கு மேல் பட்டு. நீளமானவற்றை நறுக்கியிருக்கிறேன், கோபிக்க வேண்டாம்.

கேள்வி: டவுனில் ஒரு கடையில் 'ஆர்ட் சில்க்' என்று மீட்டர் 260 ரூபாய்க்கு 3 மீட்டர் எடுத்து, மகளுக்குப் பாவாடை தைத்தேன். இஸ்திரிப் பெட்டி பட்ட இடமெல்லாம் சுருங்கிப் பளபளவென்று ஆகிவிட்டது. பட்டு இப்படிச் சுருங்குமா அக்கா?
வாசகி, சேரன்மகாதேவி

பதில்: பட்டு அப்படிச் சுருங்காது. உங்கள் துணியில் பட்டு இல்லை. 'ஆர்ட்' என்றதும் கலை என்று நினைத்திருப்பீர்கள். அது 'ஆர்டிஃபிஷியல்' என்ற சொல்லின் வாலை நறுக்கி வைத்த பெயர். முன்பு ரேயானுக்குச் சொன்னார்கள், இப்போது அந்தப் பெயரில் வருவது பெரும்பாலும் பாலியெஸ்டர்.

இது என் நெடுநாள் வயிற்றெரிச்சல், கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள். செமி சில்க், சாஃப்ட் சில்க், ராசில்க் என்று எத்தனை பெயர்! செமி என்றால் பாதி. மீதிப் பாதி என்னவென்று கேட்டால் விற்பனைப் பையன் மின்விசிறியைப் பார்க்கிறான். சாஃப்ட் சில்க்கில் அசல் பட்டும் உண்டு, பாலியெஸ்டரும் உண்டு. ஒரே பெயர், ஒரே அடுக்கு. நம் பத்தமடைப் பாயையும்தான் பட்டுப்பாய் என்கிறோம். அது கோரை. ஆனால் கோரையைப் புழு நூற்றது என்று சொல்லி எந்தப் பாய்காரரும் விற்றதில்லை. ஜவுளியில் மட்டும் பட்டு என்ற சொல் பளபளப்புக்குப் பெயராகிவிட்டது. அதனால் கடையில் "இது பட்டா?" என்று கேட்காதீர்கள். எல்லாமே பட்டுதான். "நூல் என்ன நூல்? பில்லில் எழுதித் தாங்க" என்று கேளுங்கள். பேனா தயங்கினால் விஷயம் புரிந்துவிடும்.

வெட்டுவதற்கு முன் வீட்டில் ஒரு சோதனை. துணியின் ஓரத்திலிருந்து பாவில் (நீளவாட்டில் ஓடுவது) ஒரு நூல், ஊடையில் (குறுக்கே ஓடுவது) ஒரு நூல் உருவிக்கொள்ளுங்கள். இரண்டும் வேண்டும், ஏனென்றால் ஒன்றில் பட்டும் மற்றதில் பாலியெஸ்டரும் போட்டு நெய்வது உண்டு. ஜரிகை இழையை விட்டுவிடுங்கள். ஒவ்வொன்றையும் இடுக்கியால் பிடித்துத் தீயில் காட்டுங்கள். பட்டென்றால் முடி பொசுங்கும் நாற்றம் வரும், தீயை விலக்கினால் அணையும், சாம்பலை விரலால் தேய்த்தால் பொடியாகும். பாலியெஸ்டர் உருகிக் கெட்டியான மணியாக நிற்கும். காகிதம் எரிகிற வாசனை வந்தால் ரேயான் அல்லது பருத்தி.

இவ்வளவு பேசுகிற நானும் ஏமாந்தவள்தான். சில வருடங்களுக்கு முன் பாளையங்கோட்டையில் ஒரு மண்டபத்தில் போட்ட கண்காட்சியில், 'டஸ்ஸர்' (காட்டுப் பட்டு) என்று 2400 ரூபாய் கொடுத்து இரண்டு மீட்டர் வாங்கினேன். பில் கேட்டேன். "நாளைக்கு வாங்க மேடம்" என்றார்கள். நாளைக்குப் போனால் மண்டபத்தில் காதுகுத்து. நூலைக் கொளுத்தினேன், மிளகு மாதிரி ஒரு மணி நின்றது.

கேள்வி: பட்டு ஜாக்கெட்டை முதல் தடவை போட்டதுமே கைக்குழியில் இழை இழையாக விலகிவிட்டது. துணி சரியில்லை என்கிறார் டெய்லர். தையல் சரியில்லை என்கிறது கடை. நான் நடுவில் நிற்கிறேன்.
வாசகி, வீரவநல்லூர்

பதில்: பாவம்தான். யார் பக்கம் தப்பு என்று ஜாக்கெட்டே சொல்லும். உள்பக்கம் திருப்பி வெளிச்சத்தில் பாருங்கள். தையல் நூல் அறுந்திருந்தால் தையல் கோளாறு. தையல் நூல் அப்படியே இருக்க, துணியின் இழைகள் அதை விட்டு நகர்ந்து ஏணிப்படி மாதிரி இடைவெளி விழுந்திருந்தால் 'நழுவல்'. பட்டு இழை வழுவழுப்பானது, நெசவு நெருக்கம் இல்லாவிட்டால் இழுக்கிற இடத்தில் நகரும். அதற்காக டெய்லர் தப்பிவிட முடியாது. பட்டு ஜாக்கெட்டுக்குப் பருத்தி லைனிங் கொடுக்க வேண்டும், இரண்டையும் சேர்த்துத் தைத்தால் இழுப்பை லைனிங் தாங்கும். உள்ளே முக்கால் இன்ச்சாவது துணி விட வேண்டும். மூச்சு முட்டுகிற மாதிரி பிடித்துத் தைக்கக் கூடாது. (பிடிக்கச் சொன்னது நீங்களா? உண்மையைச் சொல்லுங்கள்.)

டெய்லரிடமிருந்து வெட்டித் துணியை, அதாவது வெட்டியதுபோக மிஞ்சிய துண்டுகளை, திருப்பி வாங்கினீர்களா? அதில் இரண்டு துண்டைச் சேர்த்து ஒரு தையல் போட்டு, இரண்டு கட்டை விரலாலும் இழுத்துப் பாருங்கள். லேசாக இழுத்ததற்கே விலகினால் துணி குற்றம், அந்தத் துண்டையும் பில்லையும் எடுத்துக்கொண்டு கடைக்குப் போங்கள். 'விற்ற பொருள் திரும்பப் பெறப்படாது' என்று சுவரில் எழுதியிருப்பதைப் பார்த்துத் திரும்பிவிடாதீர்கள். குறையுள்ள பொருளைத் திரும்ப எடுக்க மறுப்பது முறையற்ற வணிகம் என்று 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் சொல்கிறது. பில்லில் கெடு போடவில்லை என்றால் 30 நாள்.

கேள்வி: பில் வாங்கவில்லை. இப்போது என்ன செய்யலாம்?
வாசகர், வள்ளியூர்

பதில்: அடுத்த முறை வாங்கலாம்.

கேள்வி: என் தையல் மிஷினில் பட்டு தைத்தால் துணி சுருக்கம் விழுகிறது, இழை இழுக்கிறது. 18,000 ரூபாய்க்குப் புது மோட்டார் மிஷின் பார்த்து வைத்திருக்கிறேன். வாங்கலாமா?
வாசகி, மேலப்பாளையம்

பதில்: ஒரு டீயும் வடையும் ஆகிற காசுக்கு 9ஆம் நம்பர் மெல்லிய ஊசி ஒன்று வாங்குங்கள். இப்போது மிஷினில் இருப்பது 16 ஆக இருக்கும், ஜீன்ஸ் தைத்த ஊசி. முனை மழுங்கிய ஊசி பட்டின் இழையைத் துளைக்காது, இழுத்துக்கொண்டு போகும். மெல்லிய நூல் போடுங்கள், நூல் இறுக்கத்தைக் கொஞ்சம் தளர்த்துங்கள், தையலைச் சின்னதாக்குங்கள். தொடங்கும்போது இரண்டு நூல் நுனியையும் கையில் பிடித்துக்கொள்ளுங்கள், இல்லையென்றால் மிஷின் துணியை உள்ளே விழுங்கும். முதலில் வெட்டித் துணியில் ஓட்டிப் பாருங்கள், ஏனென்றால் பட்டில் தையலைப் பிரித்தால் ஓட்டை நிற்கும், அது மூடாது. அப்புறமும் சுருங்கினால் மிஷினைப் பற்றிப் பேசலாம்.

கேள்வி: கிரேப் பட்டு வெட்டும்போது வழுக்கிக்கொண்டே போகிறது. அடியில் நியூஸ் பேப்பர் வைக்கலாமா?
வாசகி, அம்பாசமுத்திரம்

பதில்: நான் வைத்தேன். சந்தன நிறத் துணியின் முதுகில் ஒரு சிமெண்ட் விளம்பரத்தின் பாதி வந்தது. அச்சில்லாத மெல்லிய வெள்ளைத் தாளை அடியில் விரித்து, துணியை அதன்மேல் பரத்தி, தாளோடு சேர்த்து வெட்டுங்கள். மடித்துப் போட்டு இரண்டாக வெட்டாமல் ஒற்றையாக வெட்டினால் அளவு பிசகாது. துணி மேஜையிலிருந்து தொங்கக் கூடாது, தொங்கினால் அதன் பாரமே அதை இழுத்துவிடும். குண்டூசியைத் தையலுக்கு உள்ளே போகிற ஓரத்தில் மட்டும் குத்துங்கள். சாக்பீஸ் கோடு போகுமா என்று வெட்டித் துணியில் பார்த்துவிட்டுப் போடுங்கள். தண்ணீர் தெளித்து இஸ்திரி போடாதீர்கள், சில பட்டில் சொட்டு விழுந்த இடம் வட்டமாக நிற்கும்.

கேள்வி: சில்க் மார்க் இருந்தால் ஜரிகையும் அசல்தானே?
வாசகர், கடையநல்லூர்

பதில்: இல்லை. 2004இல் மத்தியப் பட்டு வாரியம் கொண்டுவந்த அந்த முத்திரை பட்டு நூலுக்கு மட்டும். ஜரிகையைப் பற்றி அது வாய் திறக்காது.

கேள்வி: அம்மாவின் கல்யாணப் பட்டை என் மகளுக்குக் கவுனாக வெட்டக் கொடுத்தேன். முன்பக்கம் மயில்கள் எல்லாம் தலைகீழாக நிற்கின்றன. கேட்டால், "கூலியில் 200 குறைச்சுக்கோங்க" என்கிறார். அம்மா இப்போது இல்லை.
வாசகி, கல்லிடைக்குறிச்சி

பதில்: இந்தக் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். 200 ரூபாயை வாங்காதீர்கள், வாங்கினால் கணக்கு முடிந்தது என்று ஆகிவிடும். கவுனை அப்படியே, பிரிக்காமல், முன்னும் பின்னும் போட்டோ எடுத்து வையுங்கள். கூலி ரசீது, அளவுச் சீட்டு, போனில் அனுப்பிய செய்தி, எது இருந்தாலும் போதும். என்ன கெட்டது, என்ன வேண்டும் என்று ஒரு தாளில் எழுதிப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். காசு வாங்கித் தைப்பது சேவை, அதில் குறை இருந்தால் நுகர்வோர் ஆணையத்துக்குப் போகலாம். முதலில் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் சொல்லிப் பாருங்கள். சரிவராவிட்டால் நெல்லை மாவட்ட ஆணையம் இருக்கிறது. கொடுத்த தொகை 5 லட்சம் வரை என்றால் கட்டணம் கிடையாது, இரண்டு வருடத்துக்குள் போட வேண்டும். மன உளைச்சலுக்கும் சேர்த்துக் கேளுங்கள். எவ்வளவு கிடைக்கும் என்று நான் சொல்ல முடியாது, அம்மாவின் சேலைக்கு ரசீது இருக்காது.

எல்லாம் முடிந்த பிறகு, முன்பக்கத் துண்டு நேர்த் துண்டாக இருந்தால் பிரித்துத் திருப்பி வைக்க வழி உண்டு. மேலே குறுகிக் கீழே விரிந்த துண்டாக வெட்டியிருந்தால் முடியாது. பழைய பட்டு மடிப்புக் கோட்டில் கிழியும், பிரிப்பவர் நிதானமான ஆளாக இருக்கட்டும்.

கேள்வி: லைனிங் துணியைத் தண்ணீரில் நனைத்துவிட்டுத்தான் தைக்க வேண்டுமா? அவசரம்.
வாசகி, வண்ணார்பேட்டை

பதில்: ஆமாம். அவசரமென்றால் வேறு சேலை கட்டுங்கள்.

கேள்வி: போன முறையும் அந்தக் கண்காட்சித் துணியைப் பற்றிப் புலம்பினீர்கள். அதை என்னதான் செய்தீர்கள்?
வாசகி, பத்தமடை

பதில்: தையல் மிஷினுக்கு மூடுதுணி. சாயம்கூடப் போகவில்லை, சனியன்.