வடசென்னையில் ஏன் உடைக்கு இவ்வளவு மரியாதை?

வடசென்னையில் கூலி வேலைக்குப் போகிறவர்கூட வெளியே கிளம்பினால் மடிப்பு கலையாத சட்டையில் வருகிறாரே, ஏன் என்று கேட்டிருக்கிறீர்கள். பலர் இதைப் பகட்டு என்று சொல்லிவிடுகிறார்கள், எனக்கு அதில் உடன்பாடே இல்லை.

இது துணியால் பிழைத்த பகுதி. கிழக்கிந்தியக் கம்பெனி கப்பலேற்றிய துணியை வெளுத்தவர்கள் குடியிருந்த இடம் வண்ணாரப்பேட்டை. அப்புறம் 1876-ல் பக்கிங்காம் மில், சில வருடத்தில் கர்நாடிக் மில்; இந்த மில்களை நடத்திய பின்னி கம்பெனியின் காக்கித் துணி ராணுவம் வரைக்கும் போனது. பஞ்சுத் தூசியோடு ஷிஃப்ட் முடித்து வருகிறவர் குளித்து, எண்ணெய் வைத்து வகிடெடுத்துச் சீவி, கரிப்பெட்டியில் தேய்த்த வெள்ளைச் சட்டையோடு தெருவில் இறங்கினால் அவரை 'டேய்' என்று கூப்பிட யாருக்கும் சுலபத்தில் வாய் வராது, சாதி சொல்லி ஒதுக்கப்பட்டவர்களுக்கு இது எவ்வளவு பெரிய விஷயம்! 1918-ல் பெரம்பூரில் இந்த மில் தொழிலாளர்களின் சென்னைத் தொழிலாளர் சங்கம் பிறந்ததையும் நான் இதோடு சேர்த்தே பார்க்கிறேன்.

பர்மா பஜார் வந்ததும் வெளிநாட்டு வாட்ச், சென்ட், கூலிங் கிளாஸ் எல்லாம் கைக்கெட்டின. பின்னி மில்லை மூடி வருடங்கள் ஆகிவிட்டன, ஆனால் தீபாவளிக்கு முன்னால் வண்ணாரப்பேட்டையில் துணிக்கடைகள் நிறைந்த எம்.சி. ரோட்டுக்குப் போய்ப் பாருங்கள், கால் வைக்க இடமிருக்காது.