வாசகர் கேள்வி பதில்: அப்பாவோட டீக்கடையும் கற்பனை டயலாக்கும்

கேள்வி: அப்பா முப்பது வருஷம் டீக்கடை வச்சிருந்தாரு. அதைப் பத்தி நாலு பக்கம் எழுதி இத்தோட அனுப்பியிருக்கேன். அவர் பேசுனது எதுவும் அப்படியே ஞாபகம் இல்ல, டயலாக்க நானே எழுதிக்கலாமா?
- ஒரு வாசகி, திண்டுக்கல்

பதில்: தாராளமா எழுதுங்க, ஆனா மேல சிறுகதைன்னு போட்டுடுங்க. நடந்ததுன்னு சொல்லி எழுதுறதா இருந்தா கூடாதும்மா. ஞாபகம் இல்லேன்னா இல்லேன்னே எழுதுங்க, இல்ல அம்மாகிட்ட, பழைய கஸ்டமர்ங்ககிட்ட போய் கேளுங்க, ஆளுக்கு ஒண்ணு சொல்வாங்க, அந்த முரணையும் அப்படியே வைங்க.

உ.வே.சா. விகடன்ல 1940ல இருந்து 'என் சரித்திரம்' எழுதுனாரு. அதுல 1880ல கும்பகோணத்துக்கு முன்சீபா, அதாவது கீழ்க்கோர்ட்டு நீதிபதியா வந்த சேலம் இராமசுவாமி முதலியாரைப் பார்க்கப் போறது வரும். என்ன படிச்சிருக்கீங்கன்னு அவர் கேக்க, இவர் அந்தாதி, கலம்பகம், பிள்ளைத்தமிழ்னு அடுக்குறாரு, அவரு அசையவே இல்ல, இதெல்லாம் படிச்சு என்ன பிரயோஜனம்னுட்டாரு. அப்புறம்தான் சீவக சிந்தாமணி பேச்சே வருது. அறுபது வருஷம் கழிச்சு, தமிழ்த் தாத்தான்னு ஊரே கொண்டாடுற நேரத்துல, தன் மூக்கு உடைஞ்ச கதைய மறைக்காம எழுதுறாரு பாருங்க, அதனாலதான் மத்ததையும் நம்புறோம்.

உங்க முதல் பக்கம் 'அன்பே உருவான அப்பா'ன்னு ஆரம்பிக்குது. அப்படி ஒரு அப்பாவ யாருக்கும் தெரியாதுங்க (எனக்கும் ஒருத்தர் இருந்தாரு, உருவானது பூரா கோவம்). ஆனா மூணாவது பக்கத்துல போற போக்குல ஒண்ணு சொல்றீங்க, கடன் நோட்டுல பேரு தெரியாத ஆளுக்கு 'செவப்பு சைக்கிள், 3 டீ'ன்னு எழுதி வைப்பாருன்னு. அங்க ஆரம்பிங்க. டயலாக்கே வேணாம், அந்த நோட்டே பேசும். வீட்ல இன்னும் இருந்தா எடுத்துப் பாருங்க.

கேள்வி: நடந்ததை நடந்தபடி எழுதுறதை ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைங்களுக்கு எப்படி சொல்லிக் கொடுக்குறது?
- ஒரு தமிழாசிரியர், தென்காசி

பதில்: 'நான் கண்ட பொருட்காட்சி' மட்டும் குடுக்காதீங்க சார், போகாதவனும் எழுதிருவான். பஸ் ஸ்டாப்புல இருபது நிமிஷம் உக்கார வச்சு, கண்ணுல பட்டதை மட்டும் எழுதச் சொல்லுங்க, அழகான, அருமையான ரெண்டுக்கும் தடை. நான் அப்படிச் சொன்னப்ப ஒரு பையன் எழுதிட்டு வந்தது, செருப்பு தைக்கிறவர் வாயில ஆணிய வச்சுக்கிட்டே போன்ல பேத்திகிட்ட கொஞ்சிட்டிருந்தாராம்.